சண்டைப் பிரிவு, துணைப் பிரிவு: தரைப்படையில் யாருக்கு என்ன வேலை, என்ன ஆயுதப் பயிற்சி?

கரிசல்காடு

வணக்கம். அக்கா மகன் அக்னிவீர் தேர்வுக்குப் படிச்சிட்டிருக்கான். பன்னிரண்டாவதுல இயற்பியல், வேதியியல், கணக்கு. வீட்டுல எல்லாரும் "ஜி.டி. போடாத, டெக்னிக்கல் போடு, துப்பாக்கியே தொட வேண்டாம், பட்டறை வேலைதான்"னு சொல்றாங்க. இது எந்த அளவுக்குச் சரி? சண்டைப் பிரிவு எது, துணைப் பிரிவு எது? துணைப் பிரிவுக்காரங்களுக்கு ஆயுதப் பயிற்சி உண்டா? பேருக்குச் சொல்லாம, அன்றாட வேலை என்னன்னு விவரமாத் தெரிஞ்சவங்க எழுதுங்க.

வரைபடம்

இரண்டு விஷயத்தைத் தனித்தனியாகப் பார்க்கணும் கரிசல்காடு. ஜி.டி. (பொதுப்பணி), டெக்னிக்கல், கிளார்க், டிரேட்ஸ்மேன் என்பவை ஆள் எடுக்கும் வகைகள். சண்டை, துணை என்பது படைப்பிரிவுகளின் பாகுபாடு. ஒன்றைச் சொன்னால் மற்றது முடிவாகிவிடாது.

படைப்பிரிவுகள் மூன்று அடுக்கு. எதிரியை நெருங்கிப் போய் இடத்தைப் பிடிப்பவை காலாட்படை, கவசப்படை, இயந்திரக் காலாட்படை. அவற்றோடு சேர்ந்து சண்டையிட்டுத் துணை நிற்பவை பீரங்கிப் படை, வான்காப்புப் படை, பொறியாளர் படை, தகவல்தொடர்புக்கான சிக்னல்ஸ், ஆர்மி ஏவியேஷன், உளவுப் பிரிவு. மூன்றாவது அடுக்கு சர்வீசஸ்: உணவு, எரிபொருள், போக்குவரத்துக்கு ஏ.எஸ்.சி.; ஆயுதம், வெடிபொருள், உடை, உதிரிபாகம் இருப்பு வைத்துக் கொடுக்க ஆர்டினன்ஸ்; பழுது பார்க்க ஈ.எம்.ஈ.; மருத்துவப் படை, ராணுவ போலீஸ், கால்நடைப் பிரிவு இப்படி.

அறிவிக்கையில் டெக்னிக்கல் என்பதற்குப் பக்கத்தில் "ஆல் ஆர்ம்ஸ்", அதாவது எல்லாப் படைப்பிரிவுகளும், என்று போட்டிருப்பார்கள். வீட்டில் கவனிக்காமல் விடுவது அந்த இரண்டு சொல்லைத்தான். டெக்னிக்கலில் தேர்வாகிறவன் செகந்திராபாத் ஈ.எம்.ஈ. மையத்துக்குப் போகலாம். அதே தகுதியோடு அகில்யாநகரில் இருக்கும் கவசப்படை மையத்துக்குப் போய் டாங்கிக்குள்ளும் உட்காரலாம், பீரங்கிப் படையிலோ ஜபல்பூர் சிக்னல்ஸிலோ சேரலாம். காலியிடம் பார்த்து ஒதுக்குவது ராணுவம். ஆகவே "டெக்னிக்கல் என்றால் பட்டறை" என்ற கணக்கு தொடக்கத்திலேயே தப்பு.

மலையேறி

காலாட்படை பட்டாலியனை ஒருமுறை பிரிச்சுப் பார்த்தா, துணை வேலை எங்கேயோ தூரத்துல இல்ல, உள்ளேயே இருக்குன்னு புரியும்.

ஒரு செக்‌ஷன்ல 10 பேர். மூணு செக்‌ஷன் ஒரு பிளட்டூன், மூணு பிளட்டூன் ஒரு கம்பெனி. நாலு ரைஃபிள் கம்பெனி, அதோட ஒரு சப்போர்ட் கம்பெனி, ஒரு தலைமையகக் கம்பெனி. மொத்தம் சுமார் 800 பேர். சப்போர்ட் கம்பெனியில 81 மி.மீ. மோர்ட்டார் பிளட்டூனும் டாங்கி எதிர்ப்பு ஏவுகணை பிளட்டூனும் இருக்கும். தலைமையகக் கம்பெனியில கிடங்கு, வண்டி, லங்கர் (சமையற்கூடம்), சிக்னல்.

செக்‌ஷன்ல எல்லார் கையிலயும் ரைஃபிள்தான்னு நினைக்காதீங்க. ஒருத்தர் கையில எல்.எம்.ஜி. (இலகு இயந்திரத் துப்பாக்கி), அவருக்கு ஒரு கையாள். 84 மி.மீ. ராக்கெட் லாஞ்சர் இன்னொருத்தர் தோள்ல. இந்த லாஞ்சர் சுடறப்ப நெருப்பும் காத்தும் பின்பக்கமாப் பீறிட்டு வரும். பின்னாடி சுவரோ மண்மேடோ நெருக்கமா இருந்தா அது திரும்பி சுட்டவரையே தாக்கும். அதனால முதல் நாள் பாடமே சுடறது கிடையாது, பின்னாடி பார்க்கிறது. "பின்புறம் காலி"ன்னு கையாள் தோள்ல தட்டிச் சொன்னப்புறம்தான் விசையில விரல் போகணும்.

எம்.எம்.ஜி. (நடுத்தர இயந்திரத் துப்பாக்கி) சங்கதி வேற. எம்.ஏ.ஜி. 2ஏ1ல நிமிஷத்துக்கு 200 குண்டு வீதம் சுட்டா ரெண்டு நிமிஷத்துல குழல் மாத்தணும். மாத்தாம இழுத்தா குழல் தேஞ்சு குண்டு சிதறும், அதைத் தாண்டிப் போனா குழலுக்குள்ள இருக்கிற சூட்டுலயே குண்டு தானா வெடிக்கும். அதனால மாத்துக் குழலைச் சுமக்கிறவரும் பட்டை குண்டைச் சுமக்கிறவரும் இல்லாத எம்.எம்.ஜி. ரெண்டே நிமிஷத்து ஆயுதம். இணைப்போட சேர்ந்து 200 குண்டுப் பட்டை கிட்டத்தட்ட 6 கிலோ. பத்து நிமிஷச் சண்டைக்கு 60 கிலோ. அதை மலை மேல யார் கொண்டு போறாங்க?

தூரமானி

ஆயுதப் பயிற்சி பற்றிக் கேட்டிருந்தீர்கள். எந்தப் பிரிவில் சேர்ந்தாலும் அடிப்படை ராணுவப் பயிற்சி உண்டு. அதில் ரைஃபிள் எல்லோருக்கும் பொது. வரிசை இப்படிப் போகும்: பாகம் பிரித்துச் சேர்ப்பது, சுத்தம் செய்வது, வெடிக்காத வெற்றுக் குண்டோடு படுத்த நிலையில் குறிபார்த்து விசை இழுக்கும் பயிற்சி, குறுந்தூரத் தளம், அதன் பிறகு 100, 200, 300 மீட்டர், கடைசியில் இரவுச் சுடல். கடினமான கட்டம் வெற்றுக் குண்டுப் பயிற்சி. அலுப்பாக இருக்கும், அங்கேதான் விரல் பழகுகிறது.

முதலில் பார்ப்பது குரூப்பிங். ஐந்து குண்டு ஒரே புள்ளியைக் குறிவைத்துச் சுட்டு, ஐந்தும் எவ்வளவு நெருக்கமாக விழுகின்றன என்று பார்ப்பார்கள். நடுப்புள்ளியில் விழணும் என்று அந்தக் கட்டத்தில் யாரும் எதிர்பார்ப்பதில்லை. சிதறலின் வடிவமே தப்பைச் சொல்லிக் கொடுக்கும். மேலும் கீழுமாக ஒரே கோட்டில் விழுந்தால் மூச்சு விட்டுக்கொண்டே சுட்டிருக்கிறான். வலக்கைக்காரனுக்குக் கீழே வலப்பக்கமாகப் போனால் விசையை வெடுக்கென்று இழுக்கிறான். ரைஃபிளைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்தால், சாய்த்த பக்கமே சற்றுக் கீழிறங்கி விழும். ஒழுங்கே இல்லாமல் எங்கும் சிதறினால் ஆளைத் திட்டுவதற்கு முன் ஆயுதத்தைப் பார்க்கணும்: குறிமுனை தளர்ந்திருக்கலாம், குழல் வாய் அடிபட்டிருக்கலாம்.

குரூப் நெருக்கமான பிறகுதான் ஜீரோயிங், அதாவது குறிவைத்த இடத்திலேயே குண்டு விழும்படி குறிகளைச் சரிசெய்வது. இங்கே பலர் குழம்புகிறார்கள். முன்குறியை நகர்த்தினால் குண்டு அதற்கு எதிர்ப்பக்கம் போகும். பின்குறியை நகர்த்தினால் அதே பக்கம் வரும். குண்டு இடப்பக்கம் விழுந்தால் முன்குறியை இடப்பக்கமே தள்ளணும். கீழே விழுந்தால் முன்குறியை இறக்கணும். அளவும் எளிய கணக்குதான். இரண்டு குறிகளுக்கும் நடுவே உள்ள நீளத்தால் இலக்கின் தூரத்தை வகுத்துக்கொள்ளுங்கள். ஏ.கே.எம். ரைஃபிளில் அந்த நீளம் 378 மி.மீ. 100 மீட்டரை அதால் வகுத்தால் சுமார் 264. முன்குறியை 1 மி.மீ. நகர்த்தினால் 100 மீட்டரில் 26 செ.மீ. நகரும். கண்ணுக்குச் சட்டென்று தெரியாத அரை மில்லிமீட்டர், இலக்கில் 13 செ.மீ. வித்தியாசம். ஒருவன் ஜீரோ செய்த ரைஃபிளை இன்னொருவன் வாங்கிச் சுட்டால் பட வேண்டிய இடத்தில் படாததற்கும் இதே காரணம். கன்னம் வைக்கும் இடமும் கண்ணின் தூரமும் ஆளுக்கு ஆள் மாறும்.

சுத்தம் செய்வதில் சின்ன விஷயம் ஒன்று. குழலுக்குள் இழுக்கும் கயிறான புல் த்ரூவில் மாட்டும் துணித்துண்டு (சிந்தி), துடைக்க 4 அங்குலத்துக்கு 2, எண்ணெய்க்கு 4க்கு ஒன்றரை. பெரிய துணி போட்டால் குழலுக்குள் மாட்டிக்கொள்ளும். மாட்டியதை எடுக்கக் கம்பியை விட்டுக் குத்துவது குழலின் வரிப்பள்ளத்தைக் கெடுக்கும். அப்படியே கோத் (ஆயுத அறை) என்.சி.ஓ.விடம் ஒப்படைப்பதுதான் முறை.

சேந்தன்

தூரமானி சொல்வது பயிற்சி மையத்துக்குப் பொருந்தும். அதற்குப் பிறகு? சர்வீசஸ் ஆட்கள் வருடத்துக்கு ஒருமுறை தளத்தில் சுட்டுவிட்டு ஆயுதத்தை கோத்தில் வைப்பவர்கள். காலாட்படைக்காரன் மாதக்கணக்கில் அதோடு வாழ்கிறான். இரண்டையும் "எல்லாரும் சிப்பாய்தான்" என்று ஒரே தட்டில் வைப்பது பையனுக்குத் தப்பான படம் காட்டும். சண்டை போடுவது வேறு, சாமான் கொடுப்பது வேறு.

வரைபடம்

சுடும் பயிற்சி அளவில் வித்தியாசம் பெரிது, அதை மறுக்கவில்லை சேந்தன். கோட்டை நீங்கள் போடும் இடம்தான் சரியில்லை.

1965 செப்டம்பர், கேம்கரண் பகுதியில் அசல் உத்தர். பாகிஸ்தானின் பாட்டன் டாங்கிகளை ஜீப்பில் ஏற்றிய 106 மி.மீ. ரீகாயில்லெஸ் (பின்னுதைப்பில்லாத) துப்பாக்கியால் அடித்து பரம் வீர் சக்கரம் பெற்றவர் அப்துல் ஹமீத். அவருடைய பதவி கம்பெனி குவார்ட்டர்மாஸ்டர் ஹவில்தார். கம்பெனிக்குச் சாமான் வாங்கிக் கொடுக்கிற பொறுப்பு. டாங்கி எதிர்ப்பு ஆயுதத்தில் முன்பே தேர்ந்தவர் என்பதால் தேவை வந்தபோது அவரைத் திரும்ப அழைத்தார்கள். அந்த ஆயுதத்தின் சூட்சுமம் இடம் மாறுவதில் இருக்கிறது. சுட்டவுடன் பின்னால் எழும் புழுதியும் நெருப்பும் ஜீப் நிற்கும் இடத்தை எதிரிக்குக் காட்டிக் கொடுத்துவிடும். நின்ற இடத்திலேயே அடுத்ததும் சுட்டால் டாங்கி பதில் சொல்லும். சாமான் கணக்குப் பார்த்த கைக்கு அது மறக்கவில்லை.

1948 ஏப்ரலில் நௌஷேரா–ரஜௌரி சாலையில் கண்ணிவெடியையும் மரத்தடுப்பையும் நாள்கணக்கில் அகற்றி டாங்கிகளுக்கு வழி திறந்த ராம ரகோபா ராணே பொறியாளர் படை அதிகாரி. அவருக்கும் பரம் வீர் சக்கரம். சாலை திறக்கிற வேலை, எதிரியின் குண்டுக்கு நடுவில்.

மூணாவது கியர்

"சாமான் கொடுப்பது"ன்னு சேந்தன் ஒரு வரியில முடிச்சிட்டாரு. அதுக்குள்ள என்ன இருக்குன்னு கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

பீரங்கி ரெஜிமென்ட்ல 18 பீரங்கி. 155 மி.மீ. குண்டு ஒண்ணு ஏறத்தாழ 43 கிலோ. ஒரு பீரங்கிக்கு 100 குண்டுன்னு வச்சா 1,800 குண்டு, 77 டன்னுக்கு மேல. அஞ்சு டன் ஏத்துற ஸ்டாலியன் வண்டியில போட்டா 16 வண்டி. இது வெறும் குண்டு மட்டும். தள்ளுமருந்துப் பையும் ஃபியூஸும் தனி வண்டி. 1999 கார்கில்ல பீரங்கிப் படை சுட்டது 2,50,000க்கு மேலன்னு சொல்றப்ப, அவ்வளவும் மலைச்சாலையில லாரியில ஏறிப் போனதுன்னு சேர்த்து யோசிக்கணும். அந்தச் சாலையில ஒரு பகுதி எதிரி கண்ணுல படுற மாதிரி இருந்துச்சு. ராத்திரி, விளக்கை அணைச்சிட்டு ஓட்டுற வேலை.

இன்னும் மேல போனா வண்டி நிக்கும், கோவேறு கழுதை ஏறும். ஏ.எஸ்.சி.யில அதுக்குத் தனி கம்பெனியே இருக்கு. ஒரு கழுதைக்கு 70, 80 கிலோதான் பாரம். மோர்ட்டார் குண்டு ஒண்ணு 4.2 கிலோ. ஆறு மோர்ட்டாருக்கு, ஒவ்வொண்ணுக்கும் 60 குண்டுன்னா 1,500 கிலோ, இருபது கழுதை. பாரம் ரெண்டு பக்கமும் சமமா இல்லன்னா சேணம் நழுவும், முதுகு புண்ணாகும், அந்தக் கழுதை பல நாளைக்கு வேலைக்கு ஆகாது. பாரம் கட்டத் தெரியாதவன் ஒருத்தன் போதும், மேல இருக்கிற மோர்ட்டார் சும்மா கிடக்க.

வெடிபொருள்ல இன்னொரு பாடம் லாட் எண், அதாவது எந்தத் தொகுதியில செஞ்சதுங்கிற எண். ஒரே லாட்ல செஞ்ச தள்ளுமருந்து ஒரே மாதிரி எரியும். வேற வேற லாட் கலந்து ஒரு பேட்டரிக்கு (பீரங்கிக் குழு) போச்சுன்னா ஒரே கோணத்துல சுட்டாலும் குண்டு முன்னயும் பின்னயும் விழும். பின்ன விழுறது நம்ம ஆள் தலையில விழலாம். அதனால பெட்டி இறக்குறப்பவே லாட் வாரியாப் பிரிச்சு அடுக்கணும், தரையில படாம கட்டை போட்டு, தார்ப்பாய்க்கும் பெட்டிக்கும் நடுவுல காத்து ஓட இடம் விட்டு. வெயில்ல வெந்த மருந்து வேகமா எரியும், குண்டு தூரமாப் போகும். இதையெல்லாம் பார்க்கிறவன் துணைப் பிரிவுதான். குறி தப்பாம இருக்கிறதுல பாதி அவன் கையில.

கான்வாய் (வண்டி வரிசை) மேல தாக்குதல் வந்தா டிரைவருக்குச் சொல்லிக் கொடுக்கிறது ஒண்ணு: சுடுற எல்லைக்குள்ள நிக்காத, அழுத்தி வெளிய போ. வண்டிக்கு வண்டி இடைவெளி விடச் சொல்றது இதுக்குத்தான். ஒட்டி ஓட்டினா ஒரு குண்டுல ரெண்டு வண்டி, பின்னாடி இருக்கிற மொத்த வரிசையும் முடக்கம். எல்லையைத் தாண்டினதும் இறங்கி, வண்டியில வந்தவங்களே சுத்திப் படுத்து பதிலடி கொடுக்கணும். அங்க யாரும் காலாட்படையைக் கூப்பிட்டுக் காத்திருக்க முடியாது.

சேந்தன்

கணக்கு நியாயமானது. இருந்தாலும் என் கேள்வி இன்னும் நிற்கிறது: கான்வாயில் பதிலடி கொடுக்க வேண்டியவனுக்கு வருடத்தில் அத்தனை குறைவான குண்டு கொடுத்தால் போதுமா?

தூரமானி

போதாது, இதில் நான் உங்கள் பக்கம். ஆயுதம் நின்றுபோனால் உடனே என்ன செய்வது என்ற பழக்கம் கையில் ஊற வேண்டும். தளத்தில் சுட்டு மதிப்பெண் வாங்குபவனுக்கும் அது தானாக வராது. விசை இழுத்தும் சுடவில்லையா: மேகஸீனைத் தட்டிப் பொருத்து, காக்கிங் கைப்பிடியை முழுவதும் இழுத்து விடு, திரும்பச் சுடு. அப்போதும் நின்றால் போல்ட்டை இழுத்துப் பிடித்து உள்ளே பார். அறையில் வெற்றுக் கூடு ஒட்டிக்கொண்டிருந்தால் கரி படிந்திருக்கிறது அல்லது கொக்கி தேய்ந்திருக்கிறது. குண்டு பாதி ஏறி மூக்கு மேலே இடித்து நின்றால் மேகஸீன் வாய் வளைந்திருக்கிறது. குண்டின் அடியில் சுடுமுள் லேசாகத்தான் பதிந்திருந்தால் போல்ட்டுக்குள் கெட்டியான எண்ணெய். இந்த மூன்றையும் இருட்டில் விரலால் தடவி அறிய, நிஜக் குண்டே தேவையில்லை. வெற்றுக் குண்டும் நேரமும் போதும். துணைப் பிரிவில் நேரம் ஒதுக்காததுதான் குறை.

இன்னொரு சிக்கல் குண்டின் வகை. இன்சாஸ் ரைஃபிளுக்கு 5.56 × 45 (மி.மீ.யில் குண்டின் விட்டமும் கூட்டின் நீளமும்). 2019-ல் 72,400 வாங்கிய சிக் 716 ரைஃபிளுக்கு வேறு அளவு, 7.62 × 51. அமேதி மாவட்டம் கோர்வாவில் தயாராகும் ஏ.கே. 203க்கு 7.62 × 39; 2021 ஒப்பந்தம் 6,01,427 ரைஃபிளுக்கு. நூறு குண்டின் எடை முதலாவதில் 1.2 கிலோ, இரண்டாவதில் 2.4, மூன்றாவதில் 1.6க்கு மேல். பெரிய குண்டு தூரத்தில் பலமாகப் பாயும். அதே எடைக்கு இன்சாஸ்காரன் சுமக்கும் எண்ணிக்கையில் பாதிதான் கையில் இருக்கும். நெகேவ் எல்.எம்.ஜி.யும் சிக்கும் ஒரே 7.62 × 51 என்றாலும் ஒன்று இணைப்புப் பட்டை, மற்றது மேகஸீன். பட்டையிலிருந்து பிடுங்கி நிரப்பலாம், சண்டைக்கு நடுவில் அதற்கு நேரம் கிடையாது. எந்தக் கம்பெனிக்கு எந்தப் பெட்டி என்று தப்பாமல் அனுப்ப வேண்டியவர் குவார்ட்டர்மாஸ்டர். மூன்று வகைக் குண்டு புழங்கும் பட்டாலியனில் அவர் வேலை மூன்று மடங்கு.

மலையேறி

குளிர் மலையைப் பத்தியும் சொல்லிடறேன். சியாச்சின், திராஸ் பக்கம் சமவெளியில ஜீரோ பண்ணின ரைஃபிள் அப்படியே சுடாது. காத்து மெலிசு, அதனால குண்டு கொஞ்சம் மேல போகும். மருந்து குளிர்ந்திருக்கிறதால வேகம் குறையும், அது கீழ இழுக்கும். செங்குத்தா மேலயோ கீழயோ சுட்டா திரும்ப மேல போகும். மூணும் சேர்ந்து எங்க போய் நிக்கும்னு மனக்கணக்கு போட முடியாது. நிலைக்குப் போனதும் அங்கயே திரும்ப ஜீரோ பண்ணணும்.

எண்ணெயைத் துடைச்சு எடுத்து மிக மெல்லிசா வைக்கணும், இல்லன்னா உறைஞ்சு போல்ட் நகராது. ரைஃபிளைச் சூடான பங்கருக்குள்ள கொண்டு வந்தா வேர்த்து நனையும். வெளிய எடுத்துட்டுப் போனதும் அந்த ஈரம் பனியா இறுகும். அதனால ஆயுதம் வாசல்ல குளிர்லயே இருக்கும், உறை போட்டு. கார்கில் சமயத்துல இன்சாஸோட பிளாஸ்டிக் மேகஸீன் குளிர்ல விரிஞ்சதும் எல்லாருக்கும் தெரிஞ்ச கதை.

டீசலும் உறையும். 2019 நவம்பர்ல இந்தியன் ஆயில் லடாக்குக்குன்னு கொண்டு வந்த குளிர்கால டீசல் மைனஸ் 33 டிகிரி வரைக்கும் உறையாது. சோஜிலா கணவாய் பனியில மூடறதுக்கு முன்னாடி, அங்க இருக்கிற படைக்குக் குளிர்காலம் முழுக்கத் தேவையான அரிசி, மண்ணெண்ணெய், குண்டு எல்லாம் ஏத்தி முடிக்கணும். ஏ.எஸ்.சி.க்கு வருஷத்துல பெரிய போர் அதுதான், எதிரி நாள்காட்டி.

வரைபடம்

பையனுக்கு டெக்னிக்கல் என்பதால் கவசப்படையும் ஈ.எம்.ஈ.யும் எப்படிப் பிணைந்திருக்கின்றன என்று சொல்கிறேன்.

டி-72, டி-90 இரண்டிலும் மூன்று பேர்: கமாண்டர், கன்னர், டிரைவர். குண்டை இயந்திரமே ஏற்றும், சுழல்தட்டில் 22. ஆவடியில் உருவான அர்ஜுனில் நான்காவதாக லோடர் உண்டு, 120 மி.மீ. குண்டைக் கையால் ஏற்றுவார். மூன்று பேர் டாங்கியில் ஏற்றும் கருவி மக்கர் செய்தால் கையால் சுற்றி ஏற்ற வேண்டும். வேகம் விழுந்துவிடும், அதற்குள் முதல் குண்டை எதிரி சுட்டுவிடுவான். ஆகவே அந்தக் கருவியின் மின்சுற்று தெரிந்தவன் சண்டையின் முடிவைத் தொடுகிறான்.

பாலைவனத்தில் அதிகம் படுத்துவது காற்று வடிகட்டி. நுண்மணல் அடைத்தால் எஞ்சின் மூச்சுத் திணறும், சக்தி குறையும், சூடேறும். அதைச் சுத்தம் செய்யாமல் ஓட்டினால் மணல் சிலிண்டருக்குள் போய்த் தேய்க்கும். அடுத்தது டிராக். இழுவிசை தளர்ந்திருக்கும்போது மணலில் சட்டென்று திரும்பினால் சங்கிலி கழன்று விழும். டாங்கி ரெஜிமென்டோடு கூடவே ஈ.எம்.ஈ.யின் சிறு பட்டறை அணி ஒன்று போகும், மீட்பு வண்டியோடு. கழன்ற டாங்கி நிற்கும் இடம் எதிரி பார்வையில்தான் இருக்கும். பட்டறை அங்கேதான். வீட்டில் கற்பனை செய்யும் கூரை போட்ட பட்டறை பின்னால் வெகு தூரத்தில் இருக்கிறது; சேர்ந்தவுடன் அங்கே போவோம் என்று எண்ண வேண்டாம்.

கரிசல்காடு

இவ்வளவு விவரம் எதிர்பார்க்கல. ரொம்ப நன்றி எல்லாருக்கும். எட்டாவது, பத்தாவது தகுதியில எடுக்கிற டிரேட்ஸ்மேன், அதாவது சமையல், முடிதிருத்தம், சலவை – அவங்களுக்குமா துப்பாக்கி? அவனோட நண்பன் ஒருத்தன் அதுக்குப் போடறான்.

மலையேறி

ஆமா, அவங்களுக்கும் அடிப்படைப் பயிற்சி, ரைஃபிள் சுடல் ரெண்டும் உண்டு. பட்டாலியன் மலை நிலைக்குப் போறப்ப லங்கரும் கூடவே போகும். தாக்குதல் நடக்கிறப்ப டிரேட்ஸ்மேன் ஸ்ட்ரெச்சர் தூக்குவாரு, குண்டுப் பெட்டி சுமப்பாரு. காயம்பட்ட ஒருத்தரை மலையில இறக்க நாலு பேர் போதாது. செங்குத்துச் சரிவுல மாத்தி மாத்தித் தூக்க ரெண்டு அணி வேணும். அந்தக் கைகள் ரைஃபிள் கம்பெனியிலிருந்து போனா முன்னணியில ஆள் குறையும். அதனாலதான் டிரேட்ஸ்மேனுக்கு அந்தப் பொறுப்பு.

தேன்மொழி

மருத்துவப் பக்கம் யாரும் தொடவில்லை, அதனால் எழுதுகிறேன். ஒவ்வொரு கம்பெனியிலும் காலாட்படை ஆட்களிலேயே சிலருக்கு முதலுதவி கற்றுக் கொடுத்து, போர்க்கள நர்சிங் உதவியாளராக வைப்பார்கள். முதல் சில நிமிடங்களில் உயிர் போவது பெரும்பாலும் ரத்தப்போக்கால். டூர்னிக்கேயை (ரத்தத்தை நிறுத்தும் இறுக்குப் பட்டை) காயத்துக்கு 5 முதல் 7 செ.மீ. மேலே, மூட்டின் மேல் படாமல் கட்டி, ரத்தம் நிற்கும்வரை இறுக்கி, கட்டிய நேரத்தை எழுதி வைக்க வேண்டும். இரண்டு தப்பு அடிக்கடி நடக்கும்: வலியால் கத்துகிறான் என்று அரைகுறையாக இறுக்குவது, இடையில் தளர்த்திப் பார்ப்பது. அரைகுறை இறுக்கத்தில் சிரை மட்டும் அடைபட்டு ரத்தப்போக்கு கூடிவிடும். அங்கிருந்து பட்டாலியன் டாக்டரின் உதவி நிலையம், அடுத்து முன்னணிச் சிகிச்சை நிலையம், அதன் பிறகே கள மருத்துவமனை.

துணைப் பிரிவு பின்னால்தான் இருக்கும் என்பதற்குக் கொரியப் போரே மறுப்பு. 60-வது பாராசூட் கள ஆம்புலன்ஸ், ஆற்காடு கோவிந்தராஜ் ரங்கராஜ் தலைமையில் அங்கே போனது. 1951 மார்ச்சில் முன்சான்னியில் அமெரிக்க வான்குடைப் படை குதித்தபோது, இந்த இந்திய மருத்துவ அணியிலிருந்து 12 பேர் அவர்களோடு குதித்து, தரையிலேயே சிகிச்சை கொடுத்தார்கள். ரங்கராஜுக்கு மகா வீர் சக்கரம் கிடைத்தது.

பெண்களைப் பற்றியும் ஒரு வரி. சிப்பாய் நிலையில் பெண்களுக்குத் திறந்தது ராணுவ போலீஸ்; 83 பேர் கொண்ட முதல் அணி 2021 மே மாதம் பெங்களூரில் பயிற்சி முடித்தது. அதிகாரிகளில் 2023-ல் பீரங்கிப் படைக்கு முதல் ஐந்து பெண்கள் சென்னை அதிகாரிகள் பயிற்சிக் கழகத்திலிருந்து போனார்கள். காலாட்படை, கவசப்படை, இயந்திரக் காலாட்படை மூன்றும் பெண்களுக்கு இன்னும் திறக்கவில்லை. பீரங்கி ரெஜிமென்டில் பொறுப்பு ஏற்றவர்களிடம் உள்ள திறனைப் பார்த்தால், டாங்கியின் கதவை மட்டும் மூடி வைக்கக் காரணம் எனக்குத் தெரியவில்லை.

மூணாவது கியர்

சாப்பர்களை, அதாவது பொறியாளர் படைக்காரங்களை விட்டுட்டோம். பெங்களூர்ல இருக்கிற மெட்ராஸ் சாப்பர்ஸ், 1780ல தொடங்கின படை, நம்ம ஊர்ப் பசங்க நிறைய. முள்கம்பி வேலியை வெடிச்சுத் திறக்கிற பெங்களூர் டார்பிடோ 1912ல இந்தப் படையில பிறந்ததுதான். மருந்து நிரப்பின குழாய்களை ஒண்ணோட ஒண்ணு செருகி, வேலிக்கு அடியில தள்ளிக்கிட்டே போகலாம்; தள்ளுறவன் பள்ளத்துக்குள்ளயே இருப்பான்.

கண்ணிவெடி தேடறப்ப கம்பியைத் தரைக்குச் சுமார் 30 டிகிரி சாய்வாக் குத்தணும். நேரா மேலிருந்து குத்தினா கண்ணியோட தலைத்தட்டுல அழுத்தம் விழும். சாய்ச்சா பக்கவாட்டுல இடிக்கும். பாதை திறந்ததும் ரெண்டு பக்கமும் நாடா கட்டி அடையாளம் வைக்கலன்னா அவ்வளவு உழைப்பும் வீண், இருட்டுல பின்னாடி வர்றவன் ஓரமாக் கால் வச்சிடுவான்.

அப்புறம் பாலம். சர்வத்ரா பாலம் அஞ்சு வண்டி, ஒவ்வொண்ணும் 15 மீட்டர், சேர்ந்தா 75 மீட்டர். முதல் துண்டோட கால் நிக்கிற ஆத்து மண் எவ்வளவு தாங்கும்னு முன்னாடியே பார்க்கலன்னா டாங்கி ஏறினதும் பாலம் சாயும். கணக்கும் இயற்பியலும் பிடிச்ச பையனுக்கு இது நல்ல இடம்.

சேந்தன்

பையனுக்கு என் பரிந்துரையும் இதுவே: டெக்னிக்கலே போடட்டும். ஆனால் பாதுகாப்பு என்று நினைத்துப் போட வேண்டாம். பயிற்சிக் குண்டு விஷயத்தில் என் கருத்து மாறவில்லை. எந்தப் பிரிவுக்குப் போனாலும் வெற்றுக் குண்டுப் பயிற்சியை அவனே நேரம் ஒதுக்கிச் செய்துகொள்ள வேண்டியிருக்கும்.

வரைபடம்

விண்ணப்பத்துக்கான விவரம். தமிழ்நாட்டில் ஆள்சேர்ப்பு அலுவலகம் சென்னை, கோவை, திருச்சி. எந்த மாவட்டம் எதன் கீழ் வருகிறது என்று அறிவிக்கையில் இருக்கும். முதலில் கணினி வழி எழுத்துத் தேர்வு, அதில் தேறியவர்களுக்கே உடல் தகுதி. 1.6 கி.மீ. ஓட்டத்தை 5 நிமிடம் 30 விநாடிக்குள் முடித்தால் 60 மதிப்பெண், 10 புல் அப்ஸுக்கு 40. ஒன்பது அடிப் பள்ளம் தாண்டுவதும் வளைகட்டையில் நடப்பதும் தேறினால் போதும். ஓட்டத்தில் பலர் தோற்பது முதல் 400 மீட்டரை வெறியோடு ஓடி மூன்றாம் சுற்றில் மூச்சு வாங்குவதால். 400 மீட்டருக்கு 82 விநாடி என்று ஒரே சீராகப் பழகினால் நான்கு சுற்றும் 5 நிமிடம் 28 விநாடியில் முடியும்.

சான்றிதழ் சரிபார்ப்பில் திரும்பி வருபவர்கள் நிறைய. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் அவன் பெயர், அப்பா பெயர், பிறந்த தேதி எப்படி இருக்கிறதோ எழுத்துக்கு எழுத்து அப்படியே ஆதாரிலும் இருக்கிறதா என்று இப்போதே பாருங்கள். தலைப்பெழுத்து முன்னால் ஒன்றிலும் பின்னால் ஒன்றிலும் இருந்தால், பதிவுக்கு முன்பே ஆதாரைத் திருத்திவிடுங்கள்.